கல்லறை சொன்ன வயசு!

சர்க்கஸ் முடிந்தால் கூடாரத்தைச் சுருட்டிக்கொண்டு அடுத்த ஊருக்குப் போய்விடுகிறார்கள். பிறகு அந்தக் கலைஞர்களைப் பற்றி யார் விசாரிக்கிறார்கள்?

1967 ஜனவரியில் பீட்டில்ஸ் பாடகர் ஜான் லென்னன், இங்கிலாந்தில் செவனோக்ஸ் என்ற ஊரில் பழம்பொருள் கடை ஒன்றில் ஒரு விளம்பரத் தாளை வாங்கினார். 1843 பிப்ரவரி 14-ம் தேதி ராக்டேல் நகரில் நடந்த சர்க்கஸுக்கு அச்சடித்தது அது. அதை வைத்தே ஒரு பாட்டுக் கட்டிவிட்டார். அதில் வரும் 'பாப்லோ ஃபாங்க்' என்ற பெயர் உலகமெல்லாம் ஒலித்தது. ஆனால் அவர் யார்?

ஆராய்ச்சியாளர்கள் பழைய ஏடுகளைப் புரட்டினார்கள். முதல் ஆச்சரியம்: அது புனைபெயர்! இயற்பெயர் வில்லியம் டார்பி. நார்விச் நகரில் பிறந்த கறுப்பர். கல்யாணப் பதிவேட்டில் தகப்பனார் தொழில் 'பட்லர்' என்றிருக்கிறது. அந்தப் பிள்ளைதான் குதிரைச் சவாரியிலும் கயிற்றின் மேல் நடப்பதிலும் தேர்ந்து, சொந்தமாக சர்க்கஸே நடத்தினார்!

வயசில்தான் சிக்கல். 1871-ல் காலமானபோது 75 வயது என்கிறது கல்லறை. அப்படியானால் பிறந்தது 1796. ஆனால் ஜனத்தொகைக் கணக்கில் அவர் சொன்ன வயசுகளைக் கூட்டிக் கழித்தால், 1810 என்று வருகிறது. கல்லில் வெட்டிய எழுத்தும் பொய் சொல்லும் போலும்!

பழைய பத்திரிகைகள் சொல்வதோ நெஞ்சை உருக்கும் சேதி. 1848 மார்ச் 18-ம் தேதி லீட்ஸ் நகரில் ஆட்டம் நடந்துகொண்டிருந்தது. கயிற்றின் மேல் நின்று வித்தை காட்டியது அவருடைய பிள்ளை. திடீரென்று பார்வையாளர் மேடை இடிந்தது. நூற்றுக்கணக்கானவர்கள் விழுந்தும் ஜனங்கள் பிழைத்துக்கொண்டார்கள். பலகை தலையில் விழுந்து மாண்டவர் ஒரே ஒருவர்: ஃபாங்க்கின் மனைவி சூசன்னா!

அதே வருஷம் ஜூன் மாதம் அவர் மறுமணம் செய்துகொண்டதையும் பதிவேடு மறைக்கவில்லை. "இத்தனை சீக்கிரமா?" என்று தோன்றும். ஆனால் 23 வருஷம் கழித்து ஸ்டாக்போர்ட்டில் அவர் இறந்தபோது, உடலை லீட்ஸுக்கே கொண்டுபோனார்கள். சூசன்னாவின் பக்கத்திலேயே அடக்கம் செய்தார்கள்.

பதிவேடு தேதியைத்தான் சொல்லும், மனசைச் சொல்லாது. இரண்டையும் சேர்த்துப் படித்தால்தான் மனிதர் தெரிகிறார்.

உங்கள் வீட்டுப் பரண்மேல், டிரங்குப் பெட்டியில், பாட்டி காலத்து நாடக நோட்டீஸ் ஏதாவது கிடக்கிறதா? பழைய பேப்பர்க்காரனிடம் போடுமுன் ஒருமுறை பிரித்துப் பாருங்கள். யாருடைய பெயர் காத்துக்கொண்டிருக்கிறதோ!