‘கூடல்’ என்று பெயரிட்டால் என்ன தெரியும்?

குஜராத்தில் பிறந்து பம்பாயில் வாழ்ந்த ஓவியர் தையப் மேத்தா, 1970இல் பிலிம்ஸ் டிவிஷனுக்காக எடுத்த 16 நிமிடக் குறும்படத்துக்கு ஒரு தமிழ்ச்சொல்லையே பெயராக வைத்தார்: ‘கூடல்’. கதை சொல்வதை ஒதுக்கிவிட்டு, பிம்பமும் ஒலியும் சொல்லும் எவ்வாறு பொருள் கொள்கின்றன என்று பரிசோதித்துப் பார்க்கும் சோதனைப் பட வகையைச் சேர்ந்த இப்படத்தில், பாந்த்ரா இறைச்சிக்கூடத்து மாடும் மாநகரத்து மனிதர்களும் அடுத்தடுத்து வருகிறார்கள். அவற்றை எந்த நூலில் கோப்பது என்று பார்வையாளருக்குக் கிடைக்கும் குறிப்பு பெரும்பாலும் அந்தத் தலைப்புதான்.

வடக்கே அச்சொல்லுக்குச் ‘சந்திக்கும் இடம்’ என்றே விளக்கம் தரப்படுவதால், அங்குள்ள பார்வையாளர் மனிதனும் விலங்கும் எதிர்ப்படும் ஓர் இடத்தைக் காண்கிறார். தமிழருக்கோ கூடல் என்பது ஆறுகள் கலக்குமிடம், மதுரையின் பழம்பெயர், ஊடலுக்குப் பின் வரும் இன்பம். தலைவன் வருவானா என்றறியத் தலைவி கண்ணை மூடி மணலில் வட்டம் இழைத்து முனைகள் சேர்கின்றனவா என்று பார்க்கும் குறியும் கூடல்தான். இத்தனையும் ஏறிய சொல்லோடு அறுபடப்போகும் மாட்டைப் பார்ப்பவருக்கு உண்டாகும் திடுக்கீடு, அகராதிப் பொருளோடு பார்ப்பவருக்கு உண்டாக வழியில்லை.

பிரெஞ்சு இயக்குநர் கிறிஸ் மார்க்கர் இதையே 1957இல் வெளிப்படையாகச் செய்து காட்டினார். சைபீரியாவின் யாகுட்ஸ்க் நகரத் தெருவில் பேருந்து செல்வதையும் தொழிலாளர் சாலை போடுவதையும் காட்டும் அதே காட்சியை, ஒருமுறை சோவியத் புகழுரையோடும் மறுமுறை கடும் வசையோடும் பிறகு நடுநிலை வர்ணனையோடும் ஓட்டினார். வித்தை தெரிந்த பிறகும் கண் ஏமாறுகிறது என்பதுதான் இதில் வேடிக்கை.

இச்சோதனைக்கு அம்பத்தூரே போதும். (ஐம்பத்தொன்றாம் சக்தித் தலம் என்பதால் வந்த பெயர் என்று ஒரு விளக்கம் வழங்கும் ஊர் அது; அதைக் கேட்டவர் ஆலைகளுக்கிடையே கோயிலைத் தேடுவார்.) தொழிற்பேட்டையில் ஷிப்ட் முடிந்து வெளியேறும் கூட்டத்தை ஒரே கோணத்தில் படமெடுத்து, அடியில் ‘உழைப்பு’ என்று எழுதினால் பார்வை எண்ணெய்க் கறை படிந்த கைகளுக்குப் போகும், ‘நெரிசல்’ என்று எழுதினால் பேருந்துப் படிக்கட்டுக்குப் போகும், ‘கூடல்’ என்று எழுதினாலோ, வாயிலுக்கு எதிரே டிபன் பையோடு யாருக்காகவோ நின்றுகொண்டிருக்கும் ஒருவர், அதுவரை எவர் கண்ணிலும் படாதவர், முதன்முறையாகத் தென்படுவார்.