பட்டம் பெறுமுன் பதிவேட்டைப் பாருங்கள்

தோட்டத்துத் தாய் ஒருவர், நகைகளை அடகு வைத்துத் தம் மகளைத் தனியார் நிலையம் ஒன்றில் பட்டப்படிப்பிற்கு அனுப்பினார். மூன்றாண்டுகளில் ஏறத்தாழ 18,000 வெள்ளி செலவாயிற்று. பட்டமளிப்பு விழாப் படம் வீட்டுச் சுவரில் இடம்பெற்றது. அரசாங்கப் பள்ளியில் ஆசிரியர் பணிக்கு விண்ணப்பித்த பின்னரே, அப்பட்டம் ஏற்கப்படாத ஒன்று என்பது தெரிய வந்தது. அண்மையில் அத்தோட்டத்தில் நான் உரையாற்றி முடித்ததும், அவ்வம்மையார் சான்றிதழைத் துணியில் சுற்றிக் கொணர்ந்து காட்டினார். எழுத்துகள் யாவும் பொன்னிறத்தில் அச்சாகியிருந்தன.

நம் நாட்டில் உயர்கல்விப் படிப்புகளின் தரத்தை ஆராய்ந்து அங்கீகாரம் வழங்குவது மலேசியத் தகுதி முகமை. மக்கள் இதனை எம்.கியூ.ஏ. என்பர். 2007-ஆம் ஆண்டின் 679-ஆம் சட்டத்தின்கீழ், அவ்வாண்டு நவம்பர் முதல் நாள் இது அமைந்தது.

பலரும் இடறி விழும் இடம் ஒன்றுண்டு. அங்கீகாரம் என்பது கல்லூரிக்கு அன்று, படிப்பிற்கே உரியது. கல்லூரி நடத்த அரசாங்கம் அளித்த உரிமம் வேறு. படிப்பிற்கான அங்கீகாரம் வேறு. உரிமம் பெற்ற கல்லூரியிலேயே ஒரு படிப்பு அங்கீகாரம் பெற்றிருக்கும். அடுத்த அறையில் நடைபெறும் மற்றொன்று பெற்றிராது. "எங்கள் கல்லூரி அரசாங்கத்தில் பதிவு பெற்றது" என்று முகவர் கூறுவது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் நாம் கேட்ட கேள்விக்கு அது விடையாகாது.

அங்கீகாரத்திலும் இரு படிகள் உள்ளன. படிப்பைத் தொடங்குவதற்கு முன் கிடைப்பது தற்காலிக அங்கீகாரம். முதற் குழுவினர் இறுதியாண்டை எட்டும்போது ஆராய்ந்து வழங்கப்படுவது முழு அங்கீகாரம். முன்னது இருப்பதால் பின்னதும் கிடைத்தே தீரும் என்று எண்ணிவிடக் கூடாது. வாளி நிறையப் பால் இருந்தாலும், அதிலுள்ள உலர்ந்த ரப்பரின் அளவைக் கொண்டே மதிப்பிடுகின்றனர் என்பதை நீங்கள் நன்கறிவீர்கள். பட்டத்தின் நிலையும் அத்தகையதே.

அரசாங்கப் பள்ளிகளுக்கு ஆசிரியர்களை நியமிப்பது 1974-ஆம் ஆண்டு முதல் இயங்கிவரும் கல்விச் சேவை ஆணையம். அதற்கு அங்கீகாரம் பெற்ற பட்டம் மட்டும் போதாது. ஆசிரியர் பயிற்சித் தகுதியும் வேண்டும், எஸ்.பி.எம். தேர்வில் மலாய் மொழியில் கிரெடிட் தேர்ச்சியும் வேண்டும். மலாய் மொழியில் தவறிவிட்டுப் பட்டத்தின் பின்னே ஓடும் பிள்ளைகளைக் காண்கையில், முன்னாள் ஆசிரியன் என்ற முறையில் எனக்கு மிகுந்த வருத்தமே உண்டாகிறது. அத்தேர்வை மீண்டும் எழுத ஆகும் செலவு மிகச் சிறிது.

எஸ்.பி.எம். தேர்வில் சிறப்பாகத் தேறியவர்கள் முதலில் நாட வேண்டியது ஆசிரியர் கல்விக் கழகங்களையே. முன்பு ஆசிரியர் பயிற்சிக் கல்லூரிகளாக இருந்த இவை, இன்று 27 வளாகங்களில் இயங்குகின்றன. பட்டமும் பயிற்சியும் அங்கு ஒருங்கே கிடைக்கும். போட்டி கடுமையானதுதான், ஆயினும் விண்ணப்பிக்காமல் விட்டுவிடுவதற்குக் காரணமில்லை.

தனியார் கல்லூரியே வழியென்றால், முன்பணம் செலுத்துமுன் மலேசியத் தகுதிப் பதிவேட்டைப் பாருங்கள். கைத்தொலைபேசியிலேயே, கட்டணமின்றிப் பார்க்கலாம். படிப்பின் பெயர், நிலை, கல்லூரியின் பெயர் ஆகிய மூன்றும் விளம்பரத்தில் உள்ளவாறே பொருந்த வேண்டும். வெளிநாட்டுப் பட்டம் என்றால் முகமைக்கு எழுதிக் கேட்டு, எழுத்து மூலமான விடை வந்த பின்னரே பணம் கட்டுங்கள். பணம் கொடுத்து மேடையில் வாங்கும் 'டாக்டர்' பட்டங்களைப் பற்றி இங்கே எழுத வேண்டியதில்லை. அவற்றைக் கொண்டு எவரும் ஆசிரியர் வேலை கேட்பதில்லை!

அவ்வம்மையாரின் இளைய மகன் இவ்வாண்டு எஸ்.பி.எம். எழுதுகிறான். முகவர் ஒருவர் தந்து சென்ற வண்ணத்தாளை அவர் என்னிடம் நீட்டினார். தோட்ட அலுவலகக் கிராணியின் கணினியில் அப்படிப்பின் பெயரைத் தேடினோம். பதிவேட்டில் அது இல்லை.