கருத்துரைக்குக் காவல்

சென்ற மாதம் நமது பத்திரிகையின் யூடியூப் பக்கத்தில் வெளியான வீடியோ ஒன்றின்கீழ், கருத்துரை எழுதும் வாயிலை நாம் முற்றிலும் அடைத்துவிட்டோம். அங்ஙனம் செய்தது சரியா, தவறா என்று அன்பர் பலர் கேட்டிருக்கின்றனர். பாதி சரி, பாதி தவறு என்பதே நாம் அளிக்கக்கூடிய நேர்மையான விடை. அதன் விவரத்தை வாசகர்கள் முன் வைப்பது நமது கடமை. கையில் தொலைபேசி வைத்திருக்கும் ஒவ்வொருவரும் இன்று ஒரு சிறு பத்திரிகாசிரியரே. நமக்கு நேர்ந்த சங்கடம் நாளை அவர்களுக்கும் நேரும்.

அந்த வீடியோ ஒரு கிராமத்தின் குடிநீர்ப் பஞ்சத்தைப் பற்றியது. கீழத் தெருவில் வசிக்கும் அம்மையார் ஒருவர், காலிக் குடங்களை முன்னே வைத்துக்கொண்டு, தமது தெருவின் துன்பத்தை எடுத்துரைத்தார். யாரையும் ஏசவில்லை, உள்ளதைச் சொன்னார். இரண்டு நாளுக்குள் கருத்துரைகள் குவிந்தன. அவற்றிற் பல, தண்ணீரைப் பற்றியனவல்ல. அவ்வம்மையாரின் ஜாதியைப் பற்றியும் நடத்தையைப் பற்றியும் வாய் கூசும் வசைகள். பெயரை மறைத்துக்கொண்டு எழுதிய வீரர்கள் அவர்கள். நமது உதவியாசிரியர் பதறி, ஒரே பொத்தானை அழுத்தி, எல்லாக் கருத்துரைகளையும் நிறுத்தினார். நாமும் சம்மதித்தோம்.

ஒரு வாரம் சென்றபின் தபாலில் ஒரு கடிதம் வந்தது. எழுதியவர் அதே ஊரைச் சேர்ந்த முதியவர். மேல்நிலைத் தொட்டியின் மோட்டார் பழுதாகிக் கிடப்பதாக நாம் கூறியது பிழை என்றும், மோட்டார் ஓடுகிறது என்றும், கீழத் தெருவுக்குச் செல்லும் குழாய் நடுவழியில் உடைந்திருப்பதே காரணம் என்றும் அவர் தெரிவித்திருந்தார். “இதை வீடியோவின் கீழேயே எழுத முயன்றேன், நீங்கள் கதவைச் சாத்திவிட்டீர்கள்” என்று முடித்திருந்தார். விசாரித்தோம். அவர் சொன்னதே உண்மை. திருத்தம் வெளியிட்டோம். ஆயினும் வசை பாடியவர்களைத் தடுக்கப் போய், நமது பிழையைத் திருத்த வந்த நல்லவரையும் வாயிலிலேயே நிறுத்திவிட்டோம் என்ற வருத்தம் நம்மை விட்டு அகலவில்லை.

பத்திரிகைகளில் ஆசிரியருக்குக் கடிதம் என்ற பகுதி நெடுங்காலமாக உண்டு. வரும் கடிதங்களையெல்லாம் எந்த ஆசிரியரும் பிரசுரிப்பதில்லை. ஆபாசத்தையும் அவதூறையும் குப்பைக் கூடையில் இடுவார். ஆனால் தம்மைக் கண்டிக்கும் கடிதத்தை, அதில் நியாயமிருப்பின், மறைக்காமல் பிரசுரிப்பார். அதுவே நல்லாசிரியருக்கு இலக்கணம். காகிதத்தில் நாம் கைக்கொண்ட இந்த விவேகத்தைக் கண்ணாடித் திரையில் ஏன் கைவிட வேண்டும்?

கைவிட வேண்டிய அவசியமே இல்லை. கதவை அகலத் திறப்பதற்கும் அறவே அடைப்பதற்கும் இடையே படிகள் பல உண்டு. ஆட்சேபத்துக்குரியனவாகத் தோன்றும் கருத்துரைகளை மட்டும் நிறுத்திவைக்கும்படி யூடியூபில் ஏற்பாடு செய்யலாம். அந்தச் சல்லடையை இன்னும் நெருக்கமாக்கலாம். அல்லது ஒவ்வொன்றையும் நாம் பார்வையிட்டு அனுமதித்த பின்னரே வெளிவரச் செய்யலாம். வேண்டாத சொற்களின் ஜாபிதா ஒன்றைக் கொடுத்துவைத்தால், அச்சொற்கள் அடங்கிய கருத்துரை தானே தடைபடும். விடாது வசைபாடும் ஒருவரை மட்டும் நமது பக்கத்திலிருந்து மறைத்துவிடலாம். நம்பிக்கைக்குரிய நண்பரை மேற்பார்வையாளராக நியமிக்கவும் வழியுண்டு. இன்ஸ்டாகிராமிலோ, நம்மைப் பின்தொடர்வோர் மட்டும், அல்லது நாம் பின்தொடர்வோர் மட்டும் எழுதலாம் என வரையறுக்க முடியும். இத்தனை படிகள் இருக்க, நாம் அறியாமையாலும் அவசரத்தாலும் கடைசிப் படிக்குத் தாவினோம்.

சில சந்தர்ப்பங்களில் கதவை அடைப்பதே தர்மம். குழந்தைகள் தோன்றும் வீடியோக்களின்கீழ் சில கயவர்கள் எழுதியவை வெளிச்சத்துக்கு வந்தபின், 2019-ம் ஆண்டில் யூடியூப் நிறுவனமே அத்தகைய வீடியோக்கள் பலவற்றில் கருத்துரைகளை நிறுத்தியது. பெற்ற பிள்ளைகளின் ஆடல் பாடலை உலகுக்குக் காட்டும் தாய் தந்தையர் இதை நினைவிற் கொள்வார்களாக. அங்கே சுதந்திர விவாதத்துக்கு இடமில்லை. குழந்தையின் க்ஷேமமே பிரதானம்.

திறந்துவைப்பவருக்குப் பொறுப்பும் உண்டு. ஆஸ்திரேலியாவில் சில பத்திரிகை ஸ்தாபனங்களின் பேஸ்புக் பக்கங்களில் பிறர் எழுதிய கருத்துரைகள் தம்மை அவதூறு செய்வதாக ஓர் இளைஞர் வழக்குத் தொடுத்தார். அக்கருத்துரைகளை வெளியிட்டவர்கள் அந்த ஸ்தாபனங்களே என்று கருதத் தகும் என 2021 செப்டம்பரில் அந்நாட்டு உயர்நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அந்நாட்டில் அதுவே தலைமை நீதிமன்றம். நமது நாட்டில் சட்டம் வேறாயினும், திண்ணையைத் திறந்துவிட்டவர் அங்கு நடப்பதைக் கவனியாதிருத்தல் தகாது என்ற நீதி எங்கும் பொருந்தும்.

இதுவரை கூறியவை தனி மனிதருக்கும் பத்திரிகைக்கும் உரியவை. பொதுஜன அதிகாரத்தை வகிப்போர் விஷயம் வேறு. அமெரிக்காவில் மிச்சிகன் மாகாணத்துப் போர்ட் ஹ்யூரன் நகர நிர்வாகி, கொரோனாக் காலத்தில் தம்மைக் கண்டித்த ஊர்வாசி ஒருவரின் கருத்துரைகளை பேஸ்புக்கிலிருந்து நீக்கி, அவரையும் தடுத்துவிட்டார். வழக்கு சுப்ரீம் கோர்ட்டு வரை சென்றது. அரசாங்கத்தின் சார்பில் பேசும் அதிகாரம் உண்மையிலேயே பெற்ற ஒருவர், அவ்வதிகாரத்தைச் செலுத்துவதாகக் காட்டிக்கொண்டு எழுதியிருந்தால், அவர் செய்யும் தடை அரசாங்கத்தின் தடையே என 2024 மார்ச் 15-ல் அந்நீதிமன்றம் ஒருமுகமாக விதி வகுத்தது. சொந்த வீட்டின் கதவும் கச்சேரியின் கதவும் ஒன்றல்ல என்பதே இதன் சாரம்.

நமது தேசத்தில் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66-ஏ பிரிவை நமது சுப்ரீம் கோர்ட்டு 2015 மார்ச் 24-ல் செல்லாதென ரத்துச் செய்தது. எரிச்சல், அசௌகரியம் என்பன போன்ற வரையறையற்ற சொற்களைக் கொண்டு குற்றம் வகுத்தமை அதன் பெருங்குறைகளில் ஒன்று. அன்று அத்தீர்ப்பைக் கொண்டாடிய தலைவர்களிலும் தொண்டர்களிலும் எத்தனை பேர் இன்று தமது பக்கத்தில் எரிச்சலூட்டும் கேள்வி ஒவ்வொன்றையும் அழிக்கின்றனர்! சட்டம் அவர்களைத் தடுக்காமலிருக்கலாம். ஆனால் கோர்ட்டு ஒழித்த பிரிவைத் தத்தம் திண்ணையில் மீண்டும் அமல் நடத்துவோர் பேச்சுச் சுதந்திரத்தைப் பற்றி எந்த வாயால் பேசுவார்கள்? புகழ்ச்சி மட்டும் எஞ்சிய பக்கம், பக்தர்கள் மட்டும் வந்துபோகும் பஜனை மடமேயன்றிப் பொதுமன்றமாகாது.

இனி நாம் செய்யவிருப்பது இது. வசைக்கும் கண்டனத்துக்கும் உள்ள வேற்றுமையை விதியாக எழுதி, ஒவ்வொரு வீடியோவின்கீழும் வைத்திருப்போம். ஒருவரின் ஜாதியையும் மானத்தையும் தாக்குவது நீக்கப்படும். நமது செய்தியையும் கொள்கையையும் தாக்குவது, எவ்வளவு காரமாயினும், நிற்கும். அபலைகள் பேசும் வீடியோவின்கீழ், பார்வையிட்ட பின்னரே கருத்துரைகள் வெளிவரும். அதற்கு வேலை அதிகம், ஆள் வேண்டும், பொறுமை வேண்டும். ஒரு பொத்தானை அழுத்துவது எளிது. எனினும் எளிதானதைச் செய்துதான் சென்ற மாதம் பிழை செய்தோம்.

குடிநீர் வீடியோவின் வாயிலை இன்று மீண்டும் திறந்துவிட்டோம். அவ்வம்மையாரின் சம்மதத்தைக் கேட்டே திறந்தோம். முதற்கண் நாமே அம்முதியவரின் திருத்தத்தை அங்கே எழுதிவைத்திருக்கிறோம். தேசத் தொண்டில் ஈடுபட்டுள்ள அன்பர்களே, தத்தம் பக்கங்களையும் ஒருமுறை பார்வையிடுங்கள். நீங்கள் தடுத்தவர்களில் வசைபாடி எத்தனை பேர், வழிகாட்டி எத்தனை பேர் என்று எண்ணிப் பாருங்கள். வழிகாட்டி ஒருவர் வெளியே நின்றாலும், எழுந்து சென்று கதவைத் திறவுங்கள்.