அண்ணன் அசடு, தம்பி சமர்த்து!

அமெரிக்க டெலிவிஷனில் பாடிச் சிரிக்கவைத்த சகோதரர்கள் டாம் ஸ்மதர்ஸ், டிக் ஸ்மதர்ஸ். பாட்டை ஒழுங்காகத்தான் தொடங்குவார்கள். பாதியில் டாம் கிதாரை நிறுத்திவிட்டு ஏதாவது உளறுவார். தம்பி டிக் திருத்துவார். சண்டை மூளும். அம்மாவுக்குத் தம்பிதான் செல்லம் என்று அண்ணன் புலம்புவார். ஜனங்கள் வயிறு குலுங்கச் சிரிப்பார்கள்.

அசட்டுத்தனம் எல்லாம் வேஷம்! நிகழ்ச்சியின் மூளையே டாம்தான்.

1967-ல் சி.பி.எஸ். டெலிவிஷனில் இவர்கள் நிகழ்ச்சி ஆரம்பமானது. வியட்நாம் போரைக் கேலி செய்தார்கள். (இவர்களுடைய தந்தை ராணுவ மேஜர். 2-வது உலகப் போரில் ஜப்பானியரிடம் கைதியாகி இறந்தவர்.) அதிகாரிகள் கத்தரி போட்டார்கள். பாடகர் பீட் சீகரின் போர் எதிர்ப்புப் பாட்டை அடியோடு வெட்டினார்கள். டாம் விடவில்லை. 1968-ல் சீகரை மறுபடி அழைத்து, அதே பாட்டைப் பாடவைத்தார்!

1969-ல் நிகழ்ச்சியையே நிறுத்திவிட்டார்கள். சகோதரர்கள் கோர்ட்டுக்குப் போய், 1973-ல் ஜெயித்தார்கள். மேடையில் அண்ணன்-தம்பி சண்டை பல ஆண்டுகள் நீடித்தது. 2023-ல் டாம் காலமானார். வயது 86.