நன்னாரி சர்பத்: ஒரு பாட்டில், ரெண்டு தப்பு

போன கோடையில நீடாமங்கலத்துல இருக்கற அம்மாச்சிக்கு நானே காய்ச்சின நன்னாரி சர்பத் ஒரு பாட்டில் எடுத்துட்டுப் போனேன். வருஷா வருஷம் அவங்கதான் காய்ச்சுவாங்க. இப்ப வேர் இடிக்கக் கை ஒத்துழைக்கல. ஒரு வாய் குடிச்சுட்டு, "இனிப்பு இருக்கு, வாசம் எங்க தம்பி?"ன்னாங்க. நாலு நாள் கழிச்சுத் திறந்தா நுரை பொங்குச்சு.

முதல் தப்பு, வேரை ஒரு மணி நேரம் கொதிக்கவிட்டது. நன்னாரி வாசத்துக்கு முக்கியக் காரணம், வெனிலினுக்குப் பங்காளி மாதிரி ஒரு வேதிப்பொருள். ரெண்டுலயும் அதே அணுக்கள்தான், அமைப்பு மட்டும் வேற. கொதிக்கக் கொதிக்க அது ஆவியோட போயிடும். வீடே மணக்குதேன்னு சந்தோஷப்பட்டேன். பாட்டில்ல இருக்க வேண்டியதுதான் வீடெல்லாம் மணந்துச்சு.

ரெண்டாவது, 'ஹெல்த்தி'யா இருக்கட்டும்னு சர்க்கரையைப் பாதியாக் குறைச்சது. சர்க்கரை இங்க இனிப்புக்கு மட்டும் இல்ல. அது தண்ணியைப் பிடிச்சு வெச்சுக்கும். ஈஸ்டும் பூஞ்சையும் வளரத் தண்ணி கிடைக்காது. பிரிட்டிஷ் மருந்து நூலான பார்மகோபியாவுல சாதா சிரப்புக்குக் கணக்கு, 1000 கிராமுக்கு 667 கிராம் சர்க்கரை. அம்மாச்சி பாஷையில, 'ஒண்ணுக்கு ரெண்டு'.

சரி, செய்முறை. நாட்டு மருந்துக் கடையில 100 கிராம் நன்னாரி வேர் வாங்குங்க. கழுவி, தட்டி, நடுவுல இருக்கற கட்டையை எடுத்துடுங்க. வாசம் தோல்லதான் இருக்கு. 750 மில்லி தண்ணியைக் கொதிக்க வெச்சு, அடுப்பை அணைச்சுட்டு வேரைப் போட்டு மூடிடுங்க. ராத்திரி முழுக்க ஊறட்டும். காலையில வடிகட்டி, அதுல 500 கிராம் எடுத்து 1 கிலோ சர்க்கரை சேருங்க. டம்ளர் கணக்கு வேண்டாம், எடை போடுங்க. கரைஞ்சு ஒரு கொதி வந்ததும் அரை மூடி எலுமிச்சைச் சாறு விட்டு இறக்கிடுங்க. அந்தப் புளிப்பு சர்க்கரையில கொஞ்சத்தை குளுக்கோஸ், ஃப்ரக்டோஸ்னு பிரிக்கும். அதனால பாகு கற்கண்டாகாது. ஈரமில்லாத கண்ணாடி பாட்டில்ல ஊத்தி ஃப்ரிட்ஜ்ல வைங்க.

சர்க்கரை அதிகம்னு தோணுச்சா? டம்ளர்ல கலக்கும்போது சிரப்பைக் குறைங்க, காய்ச்சும்போது குறைக்காதீங்க.

இந்த வருஷமும் ஒரு பாட்டில் கொண்டு போனேன். அம்மாச்சி மூடியைத் திறந்து மோந்து பாத்தாங்க. ஒண்ணும் சொல்லல. பக்கத்து வீட்டுக்கும் ஒரு டம்ளர் கலக்கச் சொன்னாங்க.

அடுத்த எபிசோட்ல பாக்கலாம்!