மறியலுக்கு வந்த பெண்கள்



அமெரிக்காவின் நியூ மெக்சிகோ மாநிலத்தில் ஹனோவர் என்றொரு சிற்றூர். அங்கே எம்பயர் சிங்க் நிறுவனத்துக்குச் சொந்தமான துத்தநாகச் சுரங்கம் இருந்தது. 1950 அக்டோபரில் அதன் தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். அவர்களில் பெரும்பாலோர் மெக்சிகோ வம்சாவளியினர். சுரங்கத்துக்குள் இறங்குவது முதல் வெளியேறும் வரையான நேரம் முழுவதற்கும் கூலி வேண்டும், வெள்ளையர்களுக்கு உள்ள சலுகைகள் தங்களுக்கும் வேண்டும் என்று கேட்டார்கள்.

எட்டு மாதங்கள் கடந்தன. 1951 ஜூனில், சுரங்கத் தொழிலாளர்கள் மறியல் செய்யக் கூடாது என்று நீதிமன்றம் தடை விதித்தது. அந்தத் தடை அவர்களுடைய மனைவிமாரைக் கட்டுப்படுத்தவில்லை. உடனே பெண்கள் மறியல் களத்துக்கு வந்தார்கள். ஆண்கள் வீட்டில் சமைத்தார்கள், துணி துவைத்தார்கள், பிள்ளைகளைக் கவனித்துக்கொண்டார்கள்.

காவலர்கள் கண்ணீர்ப்புகை வீசினார்கள். ஐம்பதுக்கும் மேற்பட்ட பெண்கள் ஒரே நாளில் சிறையில் அடைக்கப்பட்டார்கள். அவர்களோடு குழந்தைகளும் சிறைக்குப் போனார்கள். ஆனாலும் மறியல் நிற்கவில்லை. சிறைப்பட்டவர்களின் இடத்தில் வேறு பெண்கள் வந்து நின்றார்கள்.

1952 ஜனவரியில் உடன்பாடு ஏற்பட்டது, கூலி உயர்ந்தது. பின்னர் தொழிலாளர் குடியிருப்புகளுக்கு வெந்நீர்க் குழாயும் வந்தது.

இந்தப் போராட்டத்தை வைத்து 1954இல் வெளியான திரைப்படம் 'சால்ட் ஆஃப் தி எர்த்'. போராடிய தொழிலாளர்கள் பலரும் அவர்களது குடும்பத்தினரும் அதில் நடித்தார்கள். அன்று அமெரிக்காவில் பெரும்பாலான திரையரங்குகள் இதைத் திரையிட மறுத்தன. 1992இல் அந்நாட்டின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இது இடம்பெற்றது.