குளவிக் கூடா? மருந்தைத் தேடாதீங்க!

"ஐயோ, ஜன்னல்ல குளவி கூடு கட்டியிருக்கு!" உடனே கை பூச்சி மருந்து டப்பாவைத் தேடுகிறதா? கொஞ்சம் பொறுங்கள். வீட்டுக்குள் அடிக்கிற மருந்தைக் குழந்தைகளும்தான் சுவாசிக்கப் போகிறார்கள். முதலில், தள்ளி நின்று அது என்ன கூடு என்று பாருங்கள்.

மண் கூடா? பயம் வேண்டாம். இது தனிக் குளவி, சீண்டினாலொழியக் கொட்டாது. சிலந்தியையோ புழுவையோ பிடித்து உள்ளே அடைத்து, முட்டையிட்டு மூடிவிட்டுப் போய்விடும். 'குளவி கூடு கட்டினா வீட்ல குழந்தை பிறக்கும்'னு பாட்டிகள் அதை விட்டுவைத்ததில் தப்பில்லை. கூட்டில் ஓட்டை விழுந்திருந்தால் உள்ளே வளர்ந்த குளவி பறந்தாச்சு, சுரண்டி எடுத்துவிடலாம்.

காகிதம் மாதிரி, அறை அறையாகத் தொங்குகிற கூடா? இது கூட்டுக் குடும்பம். தொந்தரவு செய்தால் சேர்ந்து வந்து கொட்டும். ஒற்றைக் குளவி இரண்டு மூன்று அறை கட்டும்போதே, அது வெளியே போன நேரம் பார்த்து நீளக் கம்பால் தட்டிவிடுங்கள். கூடு பெரிசாகிவிட்டதா? அல்லது கதண்டா? கல்லெறிவது, பந்தம் கொளுத்துவது எல்லாம் வேண்டவே வேண்டாம். ஜன்னலைச் சாத்திவிட்டு, தீயணைப்பு நிலையத்துக்கு (101) போன் செய்யுங்கள்.

கொட்டிவிட்டால்? சோப்புப் போட்டுக் கழுவி, துணியில் சுற்றிய ஐஸால் ஒத்தடம் கொடுங்கள். குளவிக்கூட்டு மண்ணைக் குழைத்துப் பூசாதீர்கள், கிருமி சேரும். முகம், நாக்கு வீங்கினாலோ, மூச்சுத் திணறினாலோ, மயக்கம் வந்தாலோ உடனே 108-ஐ அழையுங்கள். கதண்டு பல இடங்களில் கொட்டியிருந்தால், வலி குறைந்தாலும் ஆஸ்பத்திரிக்குப் போயே ஆகவேண்டும். அதன் விஷம் சிறுநீரகத்தையே பாதிக்கலாம்.

வாரம் ஒருமுறை ஒட்டடை அடிக்கும்போது சன்ஷேடுக்கு அடியிலும் ஒரு பார்வை பாருங்கள். சின்னக் கூடாக இருக்கும்போதே கண்ணில் பட்டுவிட்டால், மருந்துக்கு வேலையே இல்லை!